நீலம் வராத பாட்டு

1924 பிப்ரவரியில் நியூயார்க்கின் ஏயோலியன் ஹாலில் பால் வைட்மேனின் இசைக்குழு ஒரு புதிய உருப்படியை அரங்கேற்றியது. பியானோவில் உட்கார்ந்திருந்தவர் அதை எழுதிய ஜார்ஜ் கெர்ஷ்வின். உருப்படியின் பெயர் 'ராப்சடி இன் ப்ளூ'. ஆறு ஆண்டு கழித்து யுனிவர்சல் நிறுவனம் வைட்மேனை வைத்து 'கிங் ஆஃப் ஜாஸ்' என்றொரு படம் எடுத்தது. கதை என்று எதுவும் கிடையாது. பாட்டு, ஆட்டம், ஒரு நகைச்சுவைத் துணுக்கு, மறுபடி பாட்டு. பல இசைக் குறும்படங்களைக் கோத்தாற்போன்ற ஒரு முழுநீளப் படம். முழுக்க வண்ணம். கெர்ஷ்வினின் உருப்படிதான் அதன் உச்சம் என்று முடிவானது. பெயரிலேயே நீலம் இருப்பதால் திரையெல்லாம் நீலம் பொங்கும் என்று ரசிகன் எதிர்பார்ப்பான். அன்றைய டெக்னிகலரிலோ நீலம் அறவே கிடையாது.

இயக்குநர் ஜான் மர்ரே ஆண்டர்சனும் கலை இயக்குநர் ஹெர்மன் ராஸ்ஸும் துணிகளையும் வர்ணங்களையும் மாற்றி மாற்றிக் கேமராவுக்கு முன்னால் வைத்துப் பார்த்தார்கள். கடைசியில் வெள்ளியும் சாம்பலுமான பின்னணிக்கு வந்து சேர்ந்தார்கள். அச்சில் விழுந்தது மயில்கழுத்து நிறம். இருட்டு அரங்கில் வேறு நீலம் எதுவும் ஒப்பிடக் கிடைக்காத கண், அதையே நீலம் என்று ஏற்றுக்கொண்டது. ராஸ்ஸுக்கு அந்தப் படத்துக்காக ஆஸ்கர் கிடைத்தது. இல்லாத நிறத்தைக் காட்டியதற்குப் பரிசு என்றே அதைச் சொல்லலாம்.

நீலம் ஏன் இல்லை? நம் விழித்திரையில் நிறம் உணரும் கூம்புச் செல்கள் மூன்று வகை. மூன்று ஒளிகளைத் தகுந்த அளவில் கலந்தால் ஏறக்குறைய எந்த நிறத்தையும் கண்ணுக்குக் காட்டிவிட முடியும் என்பதை ஜேம்ஸ் கிளார்க் மேக்ஸ்வெல் 1861-லேயே லண்டனில் ஒரு வண்ண ரிப்பன் படத்தை வைத்துச் செய்து காட்டிவிட்டார். ஆக, மூன்று வேண்டும் என்பது சினிமா பிறப்பதற்கு முன்பே தெரியும். ஆனால் ஒரு நொடிக்குள் பல படங்களை எடுக்கும் கேமராவுக்குள், ஒவ்வொரு படத்தையும் மூன்றாகப் பிரித்துப் பதிய வைப்பது இயந்திரக்காரனின் வேலை. அங்கேதான் எல்லோரும் முட்டி நின்றார்கள். 1915-இல் தொடங்கிய டெக்னிகலர் நிறுவனம் இரண்டு நிறத்தோடு தன்னைக் கட்டுப்படுத்திக்கொண்டது.

அதன் முதல் முயற்சி 1917-இல் வந்த 'த கல்ஃப் பிட்வீன்'. கறுப்பு வெள்ளைப் படச்சுருளில் சிவப்புப் பதிவு ஒன்று, பச்சைப் பதிவு ஒன்று; புரொஜெக்டரில் இரண்டையும் வடிகட்டிகள் வழியே வீசித் திரையில் ஒன்றின் மேல் ஒன்றாகப் பொருத்த வேண்டும். பொருத்துவது ஆபரேட்டரின் பொறுப்பு. அவர் கையைக் கொஞ்சம் எடுத்தால் கதாநாயகிக்கு ஓரத்தில் சிவப்பு விளிம்பு ஒன்று, பச்சை விளிம்பு ஒன்று முளைக்கும். அந்த வேலைக்குப் பாதி பேராசிரியரும் பாதி கழைக்கூத்தாடியுமான ஆள் வேண்டும் என்று நிறுவனர் ஹெர்பர்ட் கால்மஸ் பிற்பாடு கேலியாகச் சொல்வதுண்டு. ஒவ்வொரு ஊர்த் தியேட்டருக்கும் அப்படி ஓர் ஆளைத் தேடுவது நடவாது. அதனால் நிறம் புரொஜெக்டரில் இருக்கக் கூடாது, படச்சுருளிலேயே இருக்க வேண்டும் என்ற முடிவுக்கு வந்தார்கள்.

படச்சுருளில் நிறத்தை வைப்பது வேறு கணக்கு. அங்கே ஒளியோடு ஒளி சேர்வதில்லை. வெள்ளை ஒளியிலிருந்து சாயம் ஒரு பகுதியை விழுங்குகிறது, விழுங்கியது போக மிச்சம் திரைக்குப் போகிறது. சிவப்பைப் பதிவு செய்த நெகட்டிவை நீலப்பச்சைச் சாயத்திலும், பச்சையைப் பதிவு செய்ததைச் செம்மஞ்சள் சாயத்திலும் அச்சிட்டு ஒன்று சேர்த்தார்கள். இந்த இரண்டு சாயத்துக்கும் நடுவே என்னென்ன நிறம் பிறக்குமோ அவ்வளவுதான் கிடைக்கும். மரப்பலகை, காவி மண், இலை, தோல் எல்லாம் நன்றாக வரும். தெளிந்த வானம் வராது. எலுமிச்சை மஞ்சள் வராது. ஊதாவை மறந்துவிட வேண்டியதுதான்.

இந்தக் குறிப்பிட்ட ஜோடியைத் தேர்ந்ததற்குக் காரணம் முகம். ரசிகன் முதலில் பார்ப்பது முகத்தை. வானம் கொஞ்சம் பச்சையாக இருந்தால் மன்னித்துவிடுவான். கதாநாயகியின் கன்னம் பச்சையாக இருந்தால் டிக்கெட் காசைத் திருப்பிக் கேட்பான். சிவப்பும் பச்சையும் கலந்த கலவையில் மனிதத் தோல் சரியாக விழுந்தது. மற்றவை தியாகம்.

1929-இல் வார்னர் சகோதரர்களின் 'ஆன் வித் த ஷோ' முழுக்கப் பேசும், முழுக்க வண்ணமான படமாக வந்து ஓடியதும் ஹாலிவுட் முழுவதும் பாட்டுப் படங்களுக்காக டெக்னிகலர் வாசலில் வரிசை கட்டியது. அவசரத்தில் அச்சிட்ட பிரிண்டுகளின் தரம் இறங்கியது. ஒரே மாதிரியான செம்மஞ்சள் முகங்களும் நீலப்பச்சைத் திரைச்சீலைகளும் ரசிகனுக்குச் சலித்தன. பொருளாதார மந்தமும் சேர்ந்துகொண்டது. 1931 வாக்கில் வரிசை கலைந்துவிட்டது.

இதே காலத்தில் நிறத்துக்குச் சத்தத்தாலும் ஓர் அடி விழுந்தது. இதை வரலாற்று நூல்கள் பெரும்பாலும் இரண்டு வரியில் கடந்துவிடுகின்றன. பேசாப் பட யுகத்தில் படங்கள் வெறும் கறுப்பு வெள்ளையாக ஓடியதாக நாம் நினைத்துக்கொள்கிறோம். உண்மையில் பெரும்பாலான படங்களில் ஏதோ ஒரு வகைச் சாயம் இருந்தது: இரவுக் காட்சிக்கு நீலத்தில் தோய்த்த சுருள், தீ விபத்துக்குச் சிவப்பு, விளக்கொளிக்குப் பொன் மஞ்சள். பேசும் படம் வந்ததும் படத்தின் ஓரத்தில் ஒரு மெல்லிய ஒலித்தடம் ஓட வேண்டியதாயிற்று. ஒரு சிறு விளக்கின் ஒளி அந்தத் தடத்தை ஊடுருவி ஒளிமின்கலத்தில் விழும். ஒளியின் ஏற்ற இறக்கம் மின்னோட்டமாகி, அங்கிருந்து ஒலியாகும். சுருளையே சாயத்தில் தோய்த்தால் அந்தச் சாயம் ஒலித்தடத்தின் மேலும் படிகிறது; மின்கலத்துக்கு வேண்டிய ஒளியையே அது விழுங்கிவிடுகிறது. கதாநாயகன் இரவுக் காட்சியில் நுழைந்ததும் குரல் கம்மிப்போகும். கோடாக் நிறுவனம் 1929-இல் 'சோனோகுரோம்' என்ற பெயரில், மின்கலத்தின் வழியை மறிக்காத சாயங்களைத் தேர்ந்து புதிய சுருள்களை வெளியிட்டது. அதற்குள் தோய்க்கும் பழக்கமே தளர்ந்திருந்தது. இந்தத் தொல்லை தன் பிரிண்டுகளுக்கு வராதபடி டெக்னிகலர், படத்தைச் சாயத்தால் அச்சிட்டாலும் ஒலித்தடத்தை மட்டும் பழையபடி வெள்ளியிலேயே வைத்துக்கொண்டது.

1932-இல் டெக்னிகலரின் பொறியாளர் ஜே. ஏ. பால் வடிவமைத்த மூன்று சுருள் கேமரா தயாரானது. லென்ஸுக்குப் பின்னால் ஒரு கண்ணாடிப் பட்டகம். அதன் நடுவே குறுக்காக, ஒளியில் ஒரு பங்கை நேரே போகவிட்டு மறு பங்கைப் பக்கவாட்டில் திருப்பும் மெல்லிய உலோகப் பூச்சு. நேரே போனது பச்சை வடிகட்டி வழியே ஒரு சுருளில் விழும். திருப்பப்பட்டது முதுகோடு முதுகாக அல்ல, முகத்தோடு முகம் ஒட்டி ஓடும் இரண்டு சுருள்களில் விழும்: முன்னது நீலத்தை மட்டும் பதியும், அதைக் கடந்து வருவதில் பின்னது சிவப்பைப் பதியும். மூன்றும் கறுப்பு வெள்ளைச் சுருள்கள்தாம். கேமராவுக்குள் எங்குமே வண்ணப் படம் இல்லை. 'எவ்வளவு சிவப்பு, எவ்வளவு பச்சை, எவ்வளவு நீலம்' என்ற மூன்று சாம்பல் நிறக் கணக்குகள்தாம் இருந்தன.

பிரிண்ட் போடும் முறை இதைவிட அழகு. ஒவ்வொரு கணக்கிலிருந்தும் ஜெலட்டினால் ஆன ஓர் அச்சு வார்ப்பார்கள். ஒளி அதிகம் பட்ட இடத்தில் ஜெலட்டின் இறுகித் தடிக்கும். படாத இடம் வெந்நீரில் கரைந்து போகும். மேடும் பள்ளமுமாய் நிற்கும் அந்த அச்சைச் சாயத்தில் முக்கினால் மேட்டில் அதிகம் ஊறும், பள்ளத்தில் குறைவு. அதை வெற்றுச் சுருளோடு அழுத்தினால் சாயம் இடம் மாறிவிடும். மஞ்சள், மெஜந்தா, சியான் என்று மூன்று முறை. தொடக்க ஆண்டுகளில் நிழல்களுக்கு அழுத்தம் கொடுக்க அடியில் மெல்லிய கறுப்புப் படம் ஒன்றும் உண்டு. சிவகாசியில் காலண்டர் அச்சாவதைப் பார்த்தவருக்கு இதில் புதிதாக எதுவும் இல்லை: நாலு கலர், நாலு ஓட்டம், ஒன்று மயிரிழை விலகினாலும் முருகனுக்கு இரண்டு மூக்கு. டெக்னிகலர் செய்தது புகைப்படம் என்பதைவிட அச்சுத்தொழில் என்பதே பொருத்தம். அதனால்தான் அந்தப் பிரிண்டுகளில் நிறம் மேலே பூசினாற்போல அவ்வளவு அடர்த்தியாக நின்றது.

ஆனால் இவ்வளவு பிரிப்புக்கும் வடிகட்டலுக்கும் பிறகு சுருளுக்குப் போய்ச் சேரும் ஒளி சொற்பம். ஈடுகட்ட அரங்கில் ஆர்க் விளக்குகளைக் குவிக்க வேண்டும். 1939-இல் வெளிவந்த 'விசார்ட் ஆஃப் ஆஸ்' படத்தை எடுத்தபோது படப்பிடிப்புத் தளத்தின் வெப்பம் 38 டிகிரியைத் தாண்டியது. வேடமும் கம்பளித் தோலும் போட்ட நடிகர்கள் வெந்தார்கள். 1932-இல் கேமராவோ புத்தம் புதிது, செலவு அதிகம், இரண்டு நிறத்தில் சூடுபட்ட முதலாளிகள் யாரும் தொடத் தயாராக இல்லை.

அப்போது கால்மஸ் பார்த்தது, ஒளி எவ்வளவு குறைந்தாலும் கவலைப்படாத, வியர்க்காத, சம்பளம் கேட்காத நடிகர்களை. செல்லுலாய்டுத் தாளில் வரைந்த மரம் எத்தனை நொடி வேண்டுமானாலும் அசையாமல் நிற்கும். ஒரு ஃப்ரேமுக்கு வேண்டிய நேரம் ஷட்டரைத் திறந்து வைக்கலாம். கேமரா எவ்வளவு கனமானாலும் ஒரு சட்டத்தில் முடுக்கி வைத்துவிட்டால் தீர்ந்தது. சில ஆண்டுகளில் கார்ட்டூனுக்கு அந்த மூன்று சுருள் கேமராகூடத் தேவைப்படவில்லை: சாதாரண ஒற்றைச் சுருள் கேமரா, லென்ஸுக்கு எதிரே சுழலும் வட்டில் மூன்று வடிகட்டிகள், ஒரே ஓவியத்தை அடுத்தடுத்த மூன்று ஃப்ரேம்களில் சிவப்பாக, பச்சையாக, நீலமாக மூன்று முறை எடுத்துவிடுவார்கள். மனிதரை அப்படி எடுக்க முடியாது. முதல் படத்துக்கும் மூன்றாம் படத்துக்கும் நடுவில் அவர் கையை அசைத்துவிடுவார், அசைந்த கைக்கு மூன்று நிற விளிம்புகள் வந்துவிடும். 1930-களில் முழு நிறம் மனித முகத்துக்கு வருவதற்கு முன் பூக்களுக்கும் பன்றிக்குட்டிகளுக்கும் வெறும் வட்டங்களுக்கும் வந்து சேர்ந்ததன் காரணம் இவ்வளவுதான். தன்னளவில் அசையாத பொருள்களே வண்ணத்தின் முதல் நடிகர்கள். அவற்றுக்கு அசைவைக் கொடுத்தது இசை.

வால்ட் டிஸ்னி அப்போது 'சில்லி சிம்ஃபனி' என்ற இசைக் கார்ட்டூன் வரிசையை நடத்திக்கொண்டிருந்தார். மிக்கி மௌஸ் போல நிலையான பாத்திரம் இல்லை, ஒவ்வொரு படத்திலும் இசையே நாயகன். 1929-இல் எலும்புக்கூடுகள் ஆடியதிலிருந்து தொடங்கியது அது. 'ஃப்ளவர்ஸ் அண்ட் ட்ரீஸ்' என்ற படம் கறுப்பு வெள்ளையில் பாதி வளர்ந்திருந்த நிலையில், செய்ததைத் தூக்கியெறிந்துவிட்டு வண்ணத்தில் திரும்ப எடுக்கச் சொன்னார் டிஸ்னி. பணப்பெட்டியைப் பார்த்துக்கொண்டிருந்த அண்ணன் ராய்க்கு இதில் உடன்பாடில்லை. போதாக்குறைக்கு வர்ணங்களும் சதி செய்தன. செல்லுலாய்டில் ஒட்டாமல் உரிந்தன, விளக்குச் சூட்டில் வெளுத்தன. ஒட்டும் வர்ணத்தை ஸ்டூடியோவே தயாரிக்க வேண்டியதாயிற்று.

படம் 1932 ஜூலையில் வெளிவந்தது. இரண்டு இளமரங்களின் காதல், பொறாமை பிடித்த ஒரு பட்ட மரம் மூட்டும் தீ, பறவைகள் மேகத்தைக் குத்திப் பொழியவைக்கும் மழை, வானவில்லின் கீழே கல்யாணம். கதையைப் பெரிதாகப் பாராட்ட ஒன்றுமில்லை. ஆனால் தீ, மழை, வானவில் என்ற வரிசையைக் கவனியுங்கள்: பழைய இரண்டு நிற முறையில் தீ வரும், வானவில் வராது. கதாசிரியர்கள் வேண்டுமென்றே சாயப்பெட்டியின் மூலை முடுக்கெல்லாம் தொடும்படி கதை பண்ணியிருக்கிறார்கள். அவ்வாண்டு முதன்முதலாக ஏற்படுத்தப்பட்ட கார்ட்டூன் குறும்பட ஆஸ்கர் அதற்குக் கிடைத்தது. கார்ட்டூன்களில் மூன்று நிற டெக்னிகலரைப் பயன்படுத்தும் தனியுரிமையை 1935 முடியும்வரை டிஸ்னி வைத்துக்கொண்டார். போட்டியாளர்களான ஃப்ளைஷரும் அப் ஐவெர்க்ஸும் அதுவரை சினிகலர் போன்ற இரண்டு நிற முறைகளில் காலம் தள்ளினார்கள். அறிவியலில் முந்தியவர் வெல்கிறார் என்று பொதுவாகச் சொல்வார்கள்; இங்கே வென்றது ஒப்பந்தம்.

அசையாத மரத்தை இசைக்கு ஆட வைப்பது எப்படி? இங்கே கணக்கு பளிச்சென்று இருக்கும். பேசும் படம் வந்தபின் நொடிக்கு 24 ஃப்ரேம் என்பது நிலையாகிவிட்டது. நிமிடத்துக்கு 1,440. ஒரு தாளத் தட்டுக்கு 12 ஃப்ரேம் என்று வைத்தால் நிமிடத்துக்கு 120 தட்டு. 10 ஃப்ரேம் என்றால் 144. 8 என்றால் 180. ஆக, இசையமைப்பாளர் தன் காலப்பிரமாணத்தை ஃப்ரேம் எண்ணிக்கையாகச் சொல்லிவிடலாம், ஓவியர் அந்த எண்ணை வைத்துக் காலடியை வரைந்துவிடலாம். ஒரு நோட்டு இசைக்கப்படும் முன்பே, மரம் எந்த ஃப்ரேமில் கிளையை மடக்கும் என்பது தாளில் எழுதப்பட்டிருக்கும். ஒலிப்பதிவின்போது நடத்துநர் விலகிப்போகாமல் இருக்க, சுருளில் குறித்த இடைவெளியில் துளையிட்டு, அது ஒலித்தலையைக் கடக்கும்போது எழும் 'டிக்' ஒலியை வாத்தியக்காரர்களின் காதில் கேட்கவிட்டார்கள். திரையிசை இன்றும் இந்த டிக்கை விடவில்லை.

ஒரு சிறு விசித்திரத்தையும் இங்கே சொல்லிவிடுகிறேன். புரொஜெக்டரில் பட வாசலில் சுருள் நின்று நின்று போக வேண்டும். நொடிக்கு 24 முறை நிற்காவிட்டால் படம் கலங்கும். ஒலி படிக்கும் இடத்திலோ அது சீராக ஓட வேண்டும். நின்றால் பாட்டு திக்கும். இரண்டும் ஒரே இடத்தில் நடக்க முடியாது. எனவே ஒலியைப் படத்திலிருந்து சுமார் 20 ஃப்ரேம், அதாவது ஏறக்குறைய 15 அங்குலம், தள்ளிப் பதித்தார்கள். மரம் கிளையை மடக்கும் ஃப்ரேமுக்குப் பக்கத்தில் இருப்பது வேறொரு கணத்தின் இசை. திரையில் ஒன்றாக இருப்பவை சுருளில் ஒன்றாக இருப்பதில்லை.

ஆழத்தைக் காட்டும் முயற்சிகளும் இதே குறும்படங்களில்தான் நடந்தன. ஃப்ளைஷர் ஸ்டூடியோ சுழலும் மேசையில் பொம்மை வீடுகள் கட்டி அதன் முன் ஓவியத் தாள்களை நிறுத்திப் படமெடுத்தது. டிஸ்னி ஸ்டூடியோ கண்ணாடி அடுக்குகளுக்கு மேலே கேமராவை நிறுத்தி, அடுக்குகளை வெவ்வேறு வேகத்தில் நகர்த்தியது. 1937-இல் வந்த 'த ஓல்ட் மில்' அதன் சோதனைப்படம். புயல் இரவில் ஒரு பாழடைந்த காற்றாலை, அவ்வளவுதான் கதை. அதற்கும் ஆஸ்கர். ஜெர்மனியில் லோட்டே ரைனிகர் பத்தாண்டுக்கு முன்பே அடுக்குக் கண்ணாடி வைத்து வேலை செய்தவர் என்பதை ஹாலிவுட் அவ்வளவாக நினைவு வைத்துக்கொள்ளவில்லை.

மனிதர்களிடம் வருவோம். மூன்று நிறத்தை நடிகர்களோடு பரிசோதிக்க 1934-இல் பயனியர் பிக்சர்ஸ் என்ற புது நிறுவனம் 'லா குக்கராச்சா' என்ற இருபது நிமிட இசைப் படம் எடுத்தது. பணம் போட்டவர் ஜான் ஹே விட்னி என்ற செல்வந்தர். சுமார் 65,000 டாலர் செலவு. அந்நாளைய குறும்படத்துக்கு அது அளவு மீறிய தொகை. மெக்சிகோ சத்திரம் ஒன்றில் ஆட்டக்காரன், அவனை விரும்பும் பாட்டுக்காரி, ஊடல், பாட்டு. வண்ண வடிவமைப்பாளராக பிராட்வே நாடக மேடையிலிருந்து ராபர்ட் எட்மண்ட் ஜோன்ஸ் வந்தார். அவருக்கு ஒரு கொள்கை இருந்தது: நிறம் உடையிலும் சுவரிலும் நின்றுவிடக் கூடாது, ஒளியிலேயே இருக்க வேண்டும், உணர்ச்சிக்கு ஏற்ப மாற வேண்டும். அதனால் ஒருவர் கோபப்பட்டால் அவர் முகத்தில் சிவப்பு விளக்கு ஏறும். ஏக்கத்துக்கு நீல நிழல் விழும்.

நடிகர்களோடு எடுத்த முதல் மூன்று நிறப் படம் இதுதான் என்று சொல்வது வழக்கம். சரியல்ல. எம்ஜிஎம்மின் 'த கேட் அண்ட் த ஃபிடில்' படத்தின் கடைசிக் காட்சி அந்த ஆண்டின் தொடக்கத்திலேயே வந்துவிட்டது. வார்னரின் 'சர்வீஸ் வித் எ ஸ்மைல்' குறும்படமும் சில வாரங்கள் முந்தியது. ஆனால் வழிகாட்டியாக எடுத்துக்கொள்ளப்பட்டது 'லா குக்கராச்சா'தான். நகைச்சுவைக் குறும்படத்துக்கான ஆஸ்கரும் பெற்றது. படமாக அது எனக்குப் பிடிக்கவில்லை. சிவந்த முகத்தைச் சிவப்பு விளக்கால் காட்டுவது, கோபக்காரன் நெற்றியில் 'கோபம்' என்று எழுதி ஒட்டுவதற்குச் சமம். ஆனால் பரிசோதனையாக அது உண்மையானது. நிறத்தை எவ்வளவு தூரம் தள்ளலாம், எங்கே ரசிகன் சிரிப்பான் என்று தெரிந்துகொள்ள யாராவது ஒருவர் எல்லை தாண்டிப் பார்க்க வேண்டியிருந்தது. இருபது நிமிடத்தில் தாண்டினால் நட்டம் கொஞ்சம். மறு ஆண்டு அதே குழு எடுத்த 'பெக்கி ஷார்ப்', முழுநீள முதல் மூன்று நிறப் படம். அதில் வாட்டர்லூ போருக்கு முந்தைய விருந்துக் காட்சி தொடங்குவது மங்கிய நிறங்களில், பீரங்கிச் சத்தம் கேட்டதும் சிவப்புச் சீருடைகள் திரையை நிறைக்கின்றன. அங்கே அது வெறும் விளக்கு வித்தை அல்ல. சிவப்பு வருவதற்குக் கதையில் காரணம் இருக்கிறது.

அட்லாண்டிக்கின் மறு கரையில் டெக்னிகலர் கேமராவை வாடகைக்கு எடுக்கும் வசதி இல்லாதவர்கள் வேறு வழி தேடினார்கள். பெர்லினில் ஹங்கேரிய வேதியியலாளர் பேலா காஸ்பர் ஒரு படச்சுருளை உருவாக்கினார். அதில் சாயத்தைச் சேர்ப்பது இல்லை, அழிப்பதுதான். சுருள் முதலிலேயே சாயங்களால் நிறைந்திருக்கும். ஒளி பட்டு வெள்ளி உருவான இடங்களில் மட்டும் ஒரு கரைசல் சாயத்தை வெளுக்கச் செய்யும். சாயத்தை வேதிவினையில் பிறப்பிக்க வேண்டியதில்லை என்பதால், உறுதியான தூய சாயங்களைப் பொறுக்கியெடுத்து வைக்கலாம். பல ஆண்டுகள் கழித்துப் புகைப்படக்காரர்கள் கொண்டாடிய சிபாகுரோம் தாள் இதே தத்துவம். காஸ்பர்கலரின் குறை, பிரிண்டுக்கு மட்டும்தான் அது சுருள். படமெடுக்க மூன்று தனி நெகட்டிவ் வேண்டும். மூன்று சுருள் கேமரா இல்லாதவருக்கு மூன்று நெகட்டிவ் எப்படிக் கிடைக்கும்? அசையாத பொருளை மூன்று முறை எடுத்தால் கிடைக்கும்.

காஸ்பருக்கு வாய்த்த ஆள் ஆஸ்கர் ஃபிஷிங்கர். மேளம் கொட்டும்போது வெள்ளைக் கோடுகள் கறுப்புத் திரையில் பாய்வதும் வளைவதுமான சிறு படங்களை அவர் முன்பே எடுத்துக்கொண்டிருந்தார். சிலவற்றின் முடிவில் அந்தப் பாட்டின் இசைத்தட்டுக்கு விளம்பரம் வரும். 1932-இல் அவர் கேள்வியைத் திருப்பிப் போட்டார்: ஒலித்தடம் என்பது சுருளின் ஓரத்தில் இருக்கும் ஒரு படம்தானே, அந்த இடத்தில் கோலத்தை வரைந்தால் அது எப்படி ஒலிக்கும்? வரைந்தார், ஒலித்தது. காஸ்பர்கலரில் அவர் எடுத்த 'க்ரைஸே' வண்ண வட்டங்கள் இசைக்கு விரிந்து சுருங்கும் படம். நாஜி ஆட்சி அருவக் கலையை நசுக்கத் தொடங்கியிருந்த நேரம். படத்தை ஒரு விளம்பர நிறுவனத்துக்காகச் செய்தார்; கடைசியில் அந்த நிறுவனம் எல்லா வட்டாரங்களையும் எட்டுகிறது என்று ஒரு வரி. வட்டங்களுக்கு நியாயம் கிடைத்துவிட்டது, தணிக்கைக்கு வாய் அடைத்துப்போனது. 1934-இல் முராட்டி சிகரெட்டுக்காக, சிகரெட்டுகள் அணிவகுத்து நடனமாடும் விளம்பரம் ஒன்றும் எடுத்தார். ஒரு சிகரெட், ஒரு நகர்த்தல், மூன்று படம். மறுபடி அடுத்த சிகரெட்.

1936-இல் ஹாலிவுட் அவரை அழைத்துக்கொண்டது. பாரமவுண்டுக்கு அவர் வண்ணத்தில் திட்டமிட்ட ஒரு சிறு இசைப்படத்தை, அது சேர வேண்டிய முழுநீளப் படம் கறுப்பு வெள்ளை என்பதால், கறுப்பு வெள்ளையிலேயே அச்சிடுவோம் என்றார்கள். அவர் வேலையை விட்டுவிட்டு வெளியேறினார். பின்னாளில் ஓவியங்களைத் திரும்பப் பெற்று வண்ணத்தில் முடித்தார். 'அலெக்ரெட்டோ' என்று இன்று காட்டப்படுவது அது. டிஸ்னியின் 'ஃபேன்டாசியா'வில் பாக்கின் இசைக்கான பகுதிக்கும் சில மாதம் உழைத்தார். அவர் வரைந்ததை மற்றவர்கள் திருத்தித் திருத்தி மாற்றினார்கள். படத்தில் அவர் பெயர் இல்லை.

லண்டனில் லென் லை என்ற நியூசிலாந்துக்காரருக்குக் கேமரா வாங்கவே காசில்லை. வெற்றுச் சுருளை மேசையில் நீட்டி வைத்துத் தூரிகையால் நேரடியாக அதன் மேல் வர்ணம் தீட்டினார், சீப்பால் கீறினார், அச்சுத் தகடு வைத்துப் புள்ளி இட்டார். நண்பர் ஜாக் எலிட் பாட்டின் ஒலித்தடத்தை ஃப்ரேம் ஃப்ரேமாக அலசித் தட்டுகள் விழும் இடங்களைக் குறித்துக் கொடுத்தார். 1935-இல் பிரிட்டிஷ் அஞ்சல் துறையின் படப்பிரிவு அதை வாங்கி, பார்சல் கட்டணம் குறைந்திருக்கிறது என்ற அறிவிப்பைக் கடைசியில் சேர்த்து 'எ கலர் பாக்ஸ்' என்று வெளியிட்டது. கியூபா நடன இசைக்கு நாலு நிமிடம் துள்ளும் வர்ணங்கள். பிரிண்ட் போட்டது டியூஃபேகலரில். சுருளிலேயே கண்ணுக்குத் தெரியாத சிவப்பு, பச்சை, நீலக் கட்டங்கள் பதித்த முறை அது. பிரஸ்ஸல்ஸ் விழாவில் எந்தப் பிரிவிலும் அடங்காத அந்தப் படத்துக்காகப் புதுப் பரிசு ஒன்றையே ஏற்படுத்த வேண்டியிருந்தது. 65,000 டாலர் செலவில் எடுத்த ஆட்டத்தையும் இதையும் அடுத்தடுத்துப் பார்த்தால் எதில் உயிர் அதிகம் என்பதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

மறு ஆண்டு லை செய்த 'ரெயின்போ டான்ஸ்' இன்னும் தந்திரமானது. ரூபர்ட் டூன் என்ற நடனக்காரரைச் சாதாரணக் கறுப்பு வெள்ளையில் எடுத்தார். காஸ்பர்கலருக்கு வேண்டிய மூன்று நெகட்டிவ்களும் உண்மையில் சிவப்பு, பச்சை, நீலத்தின் பதிவுகளாக இருக்க வேண்டும் என்று யார் சொன்னது? ஒரே ஆட்டத்தின் வெவ்வேறு சாம்பல் சாயல்களை மூன்று நிறங்களுக்கும் விருப்பப்படி பகிர்ந்துகொடுத்தார். ஆட்டக்காரர் ஒரு நிழலுருவாக நிறம் மாறிக்கொண்டே தாவினார், தாவிய இடங்களில் அவருடைய வண்ணப் பிம்பங்கள் மிச்சமாக நின்றன. கேமரா பார்த்த நிறம் இது அல்ல. லேபில் பிறந்த நிறம். அசையும் மனிதனை மூன்று முறை எடுக்க முடியாது என்ற தடையை லை உடைக்கவில்லை, சுற்றிக்கொண்டு போனார்.

1950-இல் கோடாக் ஈஸ்ட்மென் கலரைக் கொண்டுவந்தது. மூன்று நிறத்துக்கும் ஒரே சுருள், எந்தக் கேமராவிலும் ஓடும். பட்டகமும் ஜெலட்டின் அச்சும் படிப்படியாக வேலையிழந்தன. நம் ஊர்ச் சுவரொட்டிகளில் படத்தின் பெயருக்குக் கீழே 'ஈஸ்ட்மென் கலர்' என்று பெரிய எழுத்தில் போட்ட காலம் அதன் தொடர்ச்சி. வசதிக்கு ஒரு விலை இருந்தது. அந்தச் சாயங்கள் சுருளுக்குள்ளேயே வேதிவினையில் பிறப்பவை. சியான் சீக்கிரம் வெளுத்துவிடும். அறுபதுகளிலும் எழுபதுகளிலும் அச்சிட்ட பிரிண்டுகள் பல இன்று வானம், வயல், முகம் எல்லாம் ஒரே இளஞ்சிவப்பாக ஓடுவது அதனால்தான்.

1930-களின் கார்ட்டூன்களுக்கு அந்தக் கதி இல்லை. அவற்றின் மூல நெகட்டிவ்கள் கறுப்பு வெள்ளை. வெள்ளித் துகளுக்கு வெளுக்கும் பழக்கம் கிடையாது. அவற்றிலிருந்து எப்போது வேண்டுமானாலும் நிறத்தைத் திரும்பக் கட்டலாம். மூன்று சுருள் கேமராவில் எடுத்த படங்களில் மட்டும் ஒரு தொல்லை: மூன்று பதிவும் மூன்று தனிச் சுருள்களில் இருக்கின்றன, இத்தனை ஆண்டுகளில் ஒவ்வொன்றும் ஒவ்வோர் அளவு சுருங்கியிருக்கிறது, அவற்றை மறுபடி ஒன்றன்மேல் ஒன்றாகப் பொருத்தக் கணினியின் தயவு வேண்டும். சுழலும் வடிகட்டி வைத்து ஒரே சுருளில் மூன்று முறை எடுத்த கார்ட்டூன்களில் சிவப்பும் பச்சையும் நீலமும் அடுத்தடுத்த ஃப்ரேம்களில் இருக்கின்றன. சுருங்கினால் மூன்றும் சேர்ந்தே சுருங்குகின்றன. ஒன்றன்மேல் ஒன்று வைத்தால் இன்றும் கிட்டத்தட்ட அப்படியே பொருந்துகின்றன.